பெரியப்பா வாயசைத்த உயில்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை எனக்குப் பல்வலியில் கிடைத்தது.

பல் மருத்துவரின் முன்னறையில் தொலைக்காட்சி சத்தமில்லாமல் ஓடிக்கொண்டிருந்தது. ஏதோ ஒரு தொடர். நரைத்த தலைக்காரர் ஒருவர் கட்டிலில் சாய்ந்தபடி குடும்பத்தாரிடம் வாயசைத்துக்கொண்டிருந்தார். எனக்கு இந்தப் பக்கம் இருந்த அம்மாள், "வீட்டப் பொண்ணு பேருக்கு எழுதுறாரு" என்றார். அந்தப் பக்கம் கன்னத்தைப் பிடித்துக்கொண்டிருந்தவர், "சும்மா இருங்க, பையனப் போட்டுத் திட்டுறாரு" என்றார். இருவரும் விட்டுக்கொடுக்கவில்லை. அம்மாளுக்குப் பிறந்தது ஒரே பெண், அவருக்கு வாய்த்தது உருப்படாத பையன் என்பது பத்து நிமிடத்தில் தெரிந்துபோயிற்று. என் முறை வந்தபோது எழுந்து போக மனமே வரவில்லை.

வீட்டுக்கு வந்ததும் பாதி மரத்த வாயோடு எழுத உட்கார்ந்தேன். படம் பேசாத காலம். ஒரு பெண், அவளுக்காக முட்டிக்கொள்ளும் இரண்டு பேர், யாருக்குப் போகும் என்று தெரியாத ஒரு சொத்து. இத்தனையும் கையில் இருந்தால் கதை தானாக ஓடிவிடும் என்று நினைத்தேன். ஓடவில்லை. வந்ததை வந்த வரிசையில் காட்டுகிறேன். அடித்த வரிகளும் இருக்கும், கண்டுகொள்ளாதீர்கள்.

2

முதல் தொடக்கம்: "மழை கொட்டிக்கொண்டிருந்தது. அந்த மழையில் ஓர் உருவம்—"

வேண்டாம். எனக்கு ஒன்றும் தோன்றாத போதெல்லாம் நான் மழையைத்தான் கூப்பிடுவேன்.

இரண்டாவது: "அவள் பேரழகி. அவளைக் கண்ட வாலிபர்கள்—"

என் மனைவி தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தாள். கண்ணாடிக் கடையில் வருகிறவர்களுக்குக் கண் அளந்து பார்க்கும் வேலை அவளுக்கு. எழுத்து எந்தத் தூரத்தில் மங்குகிறது என்று அவளுக்கு நன்றாகத் தெரியும்.

"இவளுக்கு வேலை வெட்டி ஒண்ணும் இல்லையா?" என்றாள்.

"காதல் கதைம்மா."

"அதனால? நாள் பூரா ஜன்னல்லயே நிப்பாளா?"

அதற்கப்புறம் எழுதியதுதான் மூன்றாவது. இது நின்றுவிட்டது:

அன்றைக்கு எழுத்துக்காரிக்கு இருபத்திரண்டு அட்டைகள் எழுத வேண்டியிருந்தது.

3

என்ன அட்டை என்று சொல்கிறேன். பேசாத படத்தில் ஒருவர் வாயை அசைப்பார். பிறகு திரை கறுத்து, அவர் சொன்னது வெள்ளை எழுத்தில் வரும். மறுபடி அவர் வருவார். நடுவில் வருகிற அந்தக் கறுப்புத் துண்டுக்குத்தான் அட்டை என்று பெயர். படங்கள் வேற்று மொழி அட்டைகளோடு வந்து இறங்கும். அவற்றை வெட்டி எடுத்துவிட்டு, நம் மொழியில் எழுதிப் படமெடுத்து ஒட்ட வேண்டும். எழுதுகிறவள் இவள். ஆகவே எழுத்துக்காரி. கொட்டகையில் யாரும் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை.

கொட்டகை அவள் பெரியப்பாவுடையது. கல்யாணம் காட்சி என்று எதிலும் மாட்டாத மனிதர். தகரக் கூரை, பலகைச் சுவர், நாற்பது பெஞ்சு. பெஞ்சுகளைச் செய்தது அவருடைய தம்பி. தம்பி தச்சர். எழுத்துக்காரியின் அப்பா அவர்தான்.

இனி அந்த இரண்டு பேர்.

கொட்டகைக்கு வருகிறவர்களில் பாதிப் பேருக்குப் படிக்கத் தெரியாது. தச்சருக்கும் தெரியாது. அவர்களுக்காகத் திரைக்குப் பக்கத்தில் நின்று கதையைச் சொல்கிறவன் வாய்க்காரன். நாயகி அழுதால் அழுவான், கதவு சாத்தினால் "டமால்" என்பான். எதிர்ப்பக்கம், பின்சுவர் ஓரமாக ஒரு கூண்டுக்குள் இயந்திரத்தைக் கையால் சுற்றுகிறவனுக்குக் கைப்பிடி என்று பெயர். அவன் வேகமாகச் சுற்றினால் படம் வேகமாக ஓடும், மெதுவாகச் சுற்றினால் ஆமையாக நகரும். கேமராவைச் சுற்றுவதும் அவனே.

இருவருக்கும் எழுத்துக்காரி மேல் ஒரு கண். இருவரும் தச்சரை "மாமா, மாமா" என்று கூப்பிட ஆரம்பித்து ஒரு வருஷம் ஆகிறது.

(வாய்க்காரனை வில்லனாக்கப் பார்த்தேன். மீசைகூட வைத்தேன். நல்லவனாகவே வந்து நின்றான், நான் என்ன செய்ய? அந்த மீசையைக் கழற்றிப் பெரியப்பாவுக்கு ஒட்டினேன். அதனால் வந்த வினை ஆறாம் பகுதியில் இருக்கிறது.)

4

காதல் காட்சி வந்தால் வாய்க்காரனுக்குக் குஷி பிறந்துவிடும். எழுத்துக்காரி அட்டையில் "நாளை வருகிறேன்" என்று எழுதியிருப்பாள். அவன் அதை, "கண்ணே, உன் முத்தான எழுத்தைக் கண்ட நாள் முதலாய் எனக்குச் சோறு இறங்கவில்லை, தூக்கம் பிடிக்கவில்லை" என்று வெளுத்து வாங்குவான். கூண்டுக்குள் கைப்பிடிக்குப் பற்றிக்கொண்டு வரும். விர்ரென்று சுற்றுவான். நாயகனும் நாயகியும் விரட்டிய கோழிகள்போல் ஓடி மறைய, அடுத்த காட்சியில் எருமை வந்து நிற்கும். வாய்க்காரன் இன்னும் "கண்ணே"யை முடித்திருக்க மாட்டான். ஜனங்கள் எருமையைப் பார்த்து விழுந்து விழுந்து சிரிப்பார்கள்.

"நான் எழுதினது ரெண்டு வார்த்தை" என்று எழுத்துக்காரி வாய்க்காரனைப் பிடித்துக்கொள்வாள். "நீங்க சொன்னது இருபது."

"ஜனங்க கை தட்டினாங்களே!"

"எனக்கா தட்டினாங்க?"

கைப்பிடிக்கு வேறு வியாதி. அவள் எழுதிய அட்டை திரைக்கு வந்தால் கை தானாக மெதுவாகிவிடும். மெதுவாகப் படிக்கிறவர் இரண்டு தடவை படிக்கிற நேரம் அட்டை நிற்கலாம் என்பது தொழில் கணக்கு. இவன் ஐந்து தடவைக்கு நிறுத்துவான். "படிச்சாச்சுப்பா, தள்ளு!" என்று பெஞ்சிலிருந்து கூச்சல் வரும்.

"அவ்வளவு நேரம் நிறுத்தினா கதை என்னத்துக்கு ஆகும்?" என்று அவனிடமும் போய்ச் சண்டை போட்டாள்.

"எழுத்து நல்லா இருந்துச்சு" என்றான் அவன். அதற்கு மேல் அவன் வாயிலிருந்து எதுவும் வராது.

அவளுக்கு அது பிடித்திருந்தது. வாய்க்காரன் பேச்சைக் கேட்டால் சிரிப்பை அடக்க முடியவில்லை என்பதும் உண்மைதான். யாருக்கும் பிடிகொடுக்காமல் அட்டைகளை எழுதிக்கொண்டிருந்தாள். அவளுக்கு அந்தக் கொட்டகை பிடிக்கும். காலையில் ஆளில்லாத பெஞ்சுகளுக்கு நடுவே நடந்து, எங்கே உட்கார்ந்தால் எழுத்து சரியாகத் தெரியவில்லை என்று பார்ப்பாள். கூரையில் எந்தத் தகரம் ஒழுகும், எந்தப் படத்துக்குப் பெண்கள் கூட்டம் வரும், எல்லாம் அத்துப்படி. எந்தப் படத்தை வரவழைப்பது என்று மூன்று வருஷமாக முடிவு செய்ததும் அவள்தான். பெரியப்பா தலையை ஆட்டுவார், அவ்வளவே.

5

பெரியப்பாவுக்கு ஒரு நாள் உயில் எழுதும் யோசனை வந்தது. காகிதத்தில் நம்பிக்கை இல்லை.

"காயிதத்துல எழுதினா அவனவன் ஒண்ணு சொல்லுவான். என் மொகத்தையே பாத்துட்டா எவன் மறுப்பான்?" என்று சொல்லி, நல்ல கோட்டை மாட்டிக்கொண்டு கேமரா முன்னால் உட்கார்ந்துவிட்டார். கைப்பிடி சுற்றினான். வேறு யாரும் இல்லை. எழுத்துக்காரி வெள்ளை மை வாங்கப் போயிருந்தாள். பெரியப்பா பேசினார். மூன்று நிமிடச் சுருள். "நான் போனப்புறம் போட்டுப் பாருங்க" என்று டப்பாவை மூடி வைத்தார்.

ஒரு மாதம் கழித்து, நன்றாகச் சாப்பிட்டுவிட்டுப் படுத்தவர் எழுந்திருக்கவில்லை. நிறைவான சாவு. அழுதார்கள், ஆனால் யாரும் பதறவில்லை.

பதினைந்து நாள் போயிற்று. ஒரு காலையில் கொட்டகைக் கதவைச் சாத்திக்கொண்டு நான்கு பேரும் உயில் பார்க்க உட்கார்ந்தார்கள். தச்சர் முன் பெஞ்சில், மகள் பக்கத்தில், வாய்க்காரன் திரையோரம், கைப்பிடி கூண்டில். விளக்கு எரிந்தது. பெரியப்பா திரையில் வந்தார். கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டார். வாயைத் திறந்தார்.

அப்போதுதான் நால்வருக்கும் உறைத்தது.

படம் பேசாது! அதே தொழிலில் சோறு தின்கிற நான்கு பேர். முப்பது வருஷமாகப் படம் ஓட்டிய பெரியப்பா. ஒருவர் மண்டையிலும் ஏறவில்லை. ஆனால் அவர்களைக் குற்றம் சொல்லாதீர்கள். அந்தக் கொட்டகையில் படம் எப்போதும் பேசிக்கொண்டேதான் இருந்தது. வாய்க்காரன் வாயை மூடினால்தானே!

"நீதானேப்பா எடுத்த? அண்ணன் என்ன சொன்னாரு?" என்று தச்சர் கூண்டுப் பக்கம் திரும்பிக் கேட்டார்.

"எண்ணிக்கிட்டு இருந்தேன் மாமா" என்று பாவமாகக் குரல் வந்தது. "எண்ணாம சுத்தினா வேகம் தப்பிடும். ஒண்ணு ரெண்டு, ஒண்ணு ரெண்டுன்னு வாய்க்குள்ளயே சொல்லிக்கிட்டு இருந்தேன். வேற எதுவும் காதுல விழல."

பொய் சொல்லியிருக்கலாம். எனக்குப் பேனா வரைக்கும் வந்தது: "உங்களுக்கு மருமகனா வரப்போறது கைப்பிடிதான்னு ஐயா—" அவன் சொல்ல மறுத்துவிட்டான்.

தச்சர் தலையில் கை வைத்துக்கொண்டார். சட்டப்படி சொத்து அவருக்குத்தான் வரும். ஆனால் அண்ணன் சொல்லைத் தட்டிப் பழக்கம் இல்லாதவர். "அண்ணன் யாருக்குன்னு சொன்னாரோ அவங்களுக்கே எழுதிக் குடுத்துடுவேன். தெரியலன்னா, பக்கத்து மூட்டை வியாபாரி இந்த இடத்தக் குடோனுக்குக் கேக்குறாரு. வர்ற வெள்ளிக்கிழமை வரைக்கும் பாப்பேன். எனக்குக் கொட்டகை நடத்தத் தெரியாதும்மா" என்றார்.

குடோன் என்ற சொல்லைக் கேட்டதும் எழுத்துக்காரி நாற்பது பெஞ்சையும் ஒரு தடவை திரும்பிப் பார்த்தாள்.

6

"இன்னொரு தடவ போடு" என்றார் தச்சர்.

இந்தத் தடவை வாய்க்காரனால் சும்மா நிற்க முடியவில்லை. பழக்கதோஷம். பெரியப்பா வாயைத் திறந்ததும் அவன் ஆரம்பித்தான்: "என் அருமைத் தம்பி! நான் கண்ணும் கருத்துமாய்க் காத்த இந்தக் கொட்டகையை, என் தம்பி மகளுக்கும், அவளுக்கு மாலையிடப் போகிறவனும், நல்ல நாவன்மை படைத்தவனுமாகிய—"

கூண்டில் கைப்பிடியின் கை பறந்தது. பெரியப்பா படபடவென்று மீசையை ஆட்டி, கையை நீட்டி, எழுந்து, போயே போய்விட்டார். வெள்ளைத் திரைக்கு முன்னால் வாய்க்காரன் "நாவன்மை"யோடு நின்றான்.

"கடைசியில கைய நீட்டினாரே, பாத்தீங்களா?" கைப்பிடி கூண்டிலிருந்து கத்தினான். "நான் நின்ன பக்கம்தான் மாமா நீட்டினாரு!"

"கேமரா பக்கம் நீட்டாம முதுகுப் பக்கமா நீட்டுவாரு?" என்று வாய்க்காரன் மடக்கினான்.

"ரெண்டு பேரும் சும்மா இருங்கப்பா" என்றார் தச்சர் குழப்பத்தோடு. "என்னையில்ல காட்டுறாரு!"

அந்தக் கை தன்னைத்தான் காட்டியது என்று எழுத்துக்காரிக்குத் தோன்றியிருந்தது.

(இங்கே ஒரு வாசகர் குறுக்கிடுவார்: காது கேளாத ஒருவரைக் கூட்டி வந்தால் உதட்டைப் பார்த்துச் சொல்லிவிட மாட்டாரா? சொல்வார். எழுதியும் பார்த்தேன். தெருமுனையில் செருப்புத் தைக்கிறவர் வந்தார், இரண்டு தடவை பார்த்தார், தன் மூக்குக்குக் கீழே விரலை வைத்துக் காட்டிவிட்டுப் போய்விட்டார். பெரியப்பாவின் மீசை உதடு இரண்டையும் மூடியிருந்தது. மூன்றாம் பகுதியில் கைக்கு வந்த மீசையை ஒட்டினேன் இல்லையா? இப்போது எடுக்க முடியவில்லை.)

7

செவ்வாய்க்கிழமை தச்சருக்கு ஒரு வழி தோன்றியது.

"படத்துல ஆளு வாயசைச்சா அடுத்தாப்ல அட்டை வருமில்ல? இதுக்கு மட்டும் அட்டை இல்ல. அதான் குழப்பம். நீதானேம்மா எழுதுறவ? அண்ணன் சொன்னத நீ எழுதி ஒட்டிடு. அட்டையில வந்துட்டா நான் ஏத்துக்குறேன்."

வாய்க்காரனும் கைப்பிடியும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு இருவருமே தலையாட்டினார்கள். அவள் எழுதினால் சரி.

அவள் சுருளை எடுத்துக்கொண்டு ஜன்னலோரம் போனாள். வெளிச்சத்தில் பிடித்துக் கட்டம் கட்டமாகப் பார்த்தாள். வினாடிக்குப் பதினாறு கட்டம். சொல் தெரியாவிட்டாலும் மீசை எப்போது அசைகிறது, எப்போது அசையவில்லை என்று தெரியும். எண்ணினாள். மீசை அசைந்தது நூற்று நாற்பத்து நான்கு கட்டத்தில். திரும்ப எண்ணியபோதும் அதே.

வாய்க்காரனைக் கூப்பிட்டாள். "மூணு நிமிஷத்துல பெரியப்பா பேசினது ஒம்பது வினாடிதான். நீங்க சொன்னதச் சொல்ல அரை நிமிஷமாவது ஆகும்."

அவன் தலையைச் சொறிந்தான். "ஒம்பது வினாடியில எனக்குத் தொண்டையே கனைச்சு முடியாதே."

கைப்பிடியிடமும் சொன்னாள். "கைய நீட்டினப்போ மீசை அசையவே இல்ல. பேசி முடிச்சு ரொம்ப நேரம் சும்மா உக்காந்துட்டு அப்புறம்தான் நீட்டியிருக்காரு."

அவன் யோசித்தான். "அப்போ, போதும் நிறுத்துன்னு காட்டியிருப்பாரோ?"

"நிறுத்தினீங்களா?"

"இல்ல. எண்ணிக்கிட்டு இருந்தேன்."

இருவரும் சிரித்துவிட்டார்கள். அவளுக்குச் சிரிப்பு சீக்கிரம் அடங்கிப்போயிற்று. ஒன்பது வினாடி. வினாடிக்கு இரண்டு சொல் என்று வைத்தாலும், பதினெட்டு சொல்லுக்குள் அந்த மனிதர் ஏதோ சொல்லியிருக்கிறார். வெள்ளிக்கிழமைக்குள் அவள் அதை எழுத வேண்டும். என்ன எழுதினாலும் நம்பிவிடுவார்கள். அதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது.

8

முடிவு ஒன்று. அவள் எழுதினாள்: "கொட்டகை என் தம்பி மகளுக்கே. அவள் விருப்பப்படி நடத்தட்டும்." ஒன்பது வினாடிக்குள் அழகாக அடங்குகிறது. தச்சர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். சுபம்.

சுபம் போட்டுவிட்டுத் தேநீர் குடிக்கப் போனேன். திரும்பி வந்தால் மனைவி தாளைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறாள். முகம் சரியில்லை.

"அப்போ இவளும் வாய்க்காரன் மாதிரிதானே? பேச முடியாதவர் வாயில தன் பேச்சப் போடுறா."

"அவளுக்குத்தானே சேரணும்? நியாயம்தானே?"

"நியாயம்தான். அதுக்குப் பொய் எதுக்கு?"

ஒரு சொல் கூடினாலும் சண்டைக்கு வருகிறவள் எழுத்துக்காரி. இதை அவளே ஒத்துக்கொள்ள மாட்டாள் என்று எனக்கும் உள்ளூரத் தெரியும். அடித்துவிட்டேன்.

முடிவு இரண்டு. கோட்டுப் பையில் ஒரு காகிதம் அகப்பட்டது. அதில் பெரியப்பாவின் கையெழுத்தோடு—

இதை மனைவியிடம் காட்டவே இல்லை. எனக்கே வெட்கமாக இருந்தது.

அதற்கப்புறம் இரண்டு நாள் எழுதவில்லை. எழுத்துக்காரியும் எழுதவில்லை. அட்டை கறுப்பாகவே கிடந்தது. வியாழக்கிழமை மத்தியானம் அவள் தூரிகையைக் கழுவினாள், துடைத்தாள், மையைத் தொட்டு ஒரே மூச்சில் எழுதி முடித்தாள். ஒரு சொல்லையும் மாற்றவில்லை. நானும் மாற்றவில்லை.

9

வெள்ளிக்கிழமை காலை. அதே நான்கு பேர்.

"இன்னைக்கு நீங்க எதுவும் சொல்ல வேணாம். அட்டை வந்தா மட்டும் அப்பாவுக்குப் படிச்சுக் காட்டுங்க" என்று வாய்க்காரனிடம் சொன்னாள். கூண்டைப் பார்த்து, "நீங்க ஒரே சீரா சுத்துங்க" என்றாள்.

பெரியப்பா வந்தார். கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டார். முதல் தடவையாக அந்தக் கொட்டகையில் ஒரு படம் யாரும் குறுக்கே பேசாமல் ஓடியது. இயந்திரத்தின் கடகடப்பு மட்டும் கேட்டது. மீசை ஒன்பது வினாடி அசைந்து நின்றது. திரை கறுத்து அட்டை வந்தது.

தச்சர் திரையைப் பார்த்தார், பிறகு வாய்க்காரனைப் பார்த்தார். "என்னப்பா எழுதியிருக்கு?"

வாய்க்காரன் முதலில் மனசுக்குள் படித்துக்கொண்டான். எழுதியதை எழுதியபடி அவன் ஒரு நாளும் சொன்னதில்லை. ஒரு தடவை எழுத்துக்காரியைப் பார்த்தான். பிறகு, மேடைக் குரலை விட்டுவிட்டு, வீட்டில் பேசுகிற குரலில் சொன்னான்:

"'பெரியப்பா என்ன சொன்னார் என்று எனக்குத் தெரியாது. கொட்டகை எனக்கு வேண்டும்.' அவ்வளவுதான் மாமா எழுதியிருக்கு."

கூண்டில் கைப்பிடியின் கை மெதுவாகிவிட்டது. அட்டை அப்படியே நின்றது. தள்ளு என்று யாரும் கத்தவில்லை.

தச்சர் மகள் பக்கம் திரும்பினார்.

"இத்தன நாளா இத ஏம்மா சொல்லல?"

"பெரியப்பா என்ன சொன்னாருன்னுதானேப்பா எல்லாரும் கேட்டீங்க. என்னை யாரு கேட்டா?"

அவர் கொஞ்ச நேரம் பெஞ்சுப் பலகையைத் தடவிக்கொண்டிருந்தார். கண் கலங்கியிருந்தது. "தப்புத்தாம்மா" என்றார். "நான்தான் கேட்டிருக்கணும். எடுத்துக்கோ. உன் கொட்டகை."

அவள் அப்பாவின் தோளில் முகத்தைப் புதைத்து அழுதாள். வாய்க்காரன் கை தட்டினான். கூண்டுக்குள்ளிருந்தும் கைதட்டல் கேட்டது. சுற்றுவதை விட்டால் சுருள் பொசுங்கிவிடும் என்பதால், விளக்கை அணைத்துவிட்டுத்தான் தட்டினான். தொழில் தெரிந்தவன்.

10

கொட்டகை அவளுக்குக் கிடைத்துவிட்டது. எனக்கு மனம் நிறைந்துவிட்டது. கதையை இங்கேயே மூடலாம். ஆனால் நீங்கள் விடமாட்டீர்கள். யாரைக் கட்டிக்கொண்டாள் என்று கேட்பீர்கள்.

நான் கைப்பிடி கட்சி. என் மனைவி வாய்க்காரன் கட்சி. "எழுதினத எழுதினபடி படிச்சான் பாருங்க, அதுக்கு மேல என்ன வேணும்?" என்று ஒற்றைக்காலில் நிற்கிறாள். "அட்டையத் தள்ளாம நிறுத்தினானே, அது?" என்கிறேன் நான். இரண்டு பேரையும் வேண்டாம் என்றிருப்பாள் என்று பக்கத்து வீட்டுக்காரர் ஒரு யோசனை சொல்கிறார். அவரை யாரும் கேட்கவில்லை.

மூன்று முடிவும் எழுதிப் பார்த்தேன். மூன்றிலும் எங்கள் மூன்று பேர் ஆசைதான் இருந்தது. கிழித்துப் போட்டுவிட்டேன்.

ஆகவே கடைசி அட்டையைக் கறுப்பாகவே உங்களிடம் தருகிறேன். வெள்ளை மையும் தூரிகையும் பக்கத்திலேயே இருக்கின்றன. சுருக்கமாக எழுதுங்கள், மெதுவாகப் படிக்கிறவர் இரண்டு தடவை படிக்கிற அளவு போதும். அவள் அதோ, மூன்றாம் வரிசைப் பெஞ்சில் உட்கார்ந்து எழுத்து தெரிகிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

முதலில் அவளைப் போய்க் கேளுங்கள்.